கொட்டகையில் நின்ற எஞ்சின்

நாவல்களில் யந்திரம் தலைகாட்டினால் அநேகமாக அசுரனாகத்தான் தலைகாட்டும். புகையும் இரைச்சலுமாக வரும், நிலத்தைப் பிடுங்கும், குடும்பத்தைக் கலைக்கும், கடைசி அத்தியாயத்தில் ஊர் வெறிச்சென்று கிடக்கும். வாசகர்களாகிய நமக்கும் இது பழகிவிட்டது. யந்திரம் என்ற வார்த்தை வந்தவுடனே யாரோ அழப்போகிறார்கள் என்று தயாராகிவிடுகிறோம்.

நல்ல நாவல்களும் இந்தப் போக்கில் எழுதப்பட்டிருக்கின்றன. அவற்றைக் குறை சொல்லி நான் பெரியவனாகப் போவதில்லை. ஆனால் கிராமத்துக்கு வந்த யந்திரங்களில் மிகச் சாதாரணமான ஒன்று, உலகத்தில் லட்சக்கணக்கான சம்சாரிகளின் கைப்பட்ட ஒன்று, கதைகளில் ஏறக்குறைய இடமே பெறாமல் போய்விட்டது. மாட்டுக் கொட்டகையின் மூலையில், இரண்டு மரச்சட்டங்களின்மேல் உட்கார்ந்திருந்த சின்ன எஞ்சினைத்தான் சொல்கிறேன். அது தண்ணீர் இறைத்தது, விறகு அறுத்தது, சோளம் அரைத்தது. சாயங்காலம் அதன்மேல் ஒரு பழைய சாக்கைப் போட்டு மூடினார்கள். அதை நாவலாசிரியர்கள் ஏன் பார்க்கவில்லை? யந்திரத்தைப் பார்த்தவர்கள் எதைப் பார்த்தார்கள்? ஓர் ஆங்கில நாவலையும் இரண்டு அமெரிக்க நாவல்களையும் வைத்துக்கொண்டு இதை விசாரித்துப் பார்க்கலாம். விசாரணை கடைசியில் நம் ஊர்க் கிணற்று மேட்டுக்கும் வந்து சேரும்.

முதலில் எஞ்சினின் பூர்வோத்தரம். நீராவி யந்திரத்தில் நெருப்பு வெளியே, கொதிகலத்தின் அடியில் எரிகிறது. அதற்கு மலையாக நிலக்கரி வேண்டும்; தண்ணீர் வேண்டும்; கொதிகலம் வெடித்துவிடாமல் பார்த்துக்கொள்ளத் தேர்ந்த ஆள் வேண்டும். சாதாரணச் சம்சாரி ஒருவன் தனியாக வாங்கி வைத்துக்கொள்ளக்கூடிய சாமான் அல்ல அது. எஞ்சினின் உருளைக்குள்ளேயே நெருப்பை எரியவிடலாம் என்று கண்டுபிடித்த பிறகுதான் யந்திரம் சிறுத்தது. 1860இல் பாரிஸில் லெனுவார் என்பவர் அப்படி ஒன்றைச் செய்தார். 1876இல் ஜெர்மனியில் நிக்கோலஸ் ஓட்டோ செய்த எஞ்சின் அதைவிடப் பல மடங்கு உயர்ந்தது. இன்றைய பெட்ரோல் மோட்டார்களுக்கெல்லாம் அதுவே மூதாதை. ஆனால் இவை இரண்டும் நிலக்கரி வாயுவில் ஓடியவை. குழாயில் வாயு வருகிற பட்டணத்தில்தான் அவற்றுக்கு வாழ்வு. கிராமத்துக்கு எஞ்சின் வரவேண்டுமானால் அதன் ஆகாரம் டின்னில் வரவேண்டும்.

மண்ணெண்ணெயும் பெட்ரோலும் அந்த வழியைத் திறந்துவிட்டன. ஹெர்பர்ட் அக்ராய்டு ஸ்டூவர்ட் என்ற ஆங்கிலேயர் 1890இல் காப்புரிமை வாங்கிய எண்ணெய் எஞ்சினை, கிராந்தம் என்ற ஊரிலிருந்த ஹார்ன்ஸ்பி கம்பெனியார் அடுத்த சில வருஷங்களில் செய்து விற்க ஆரம்பித்தார்கள். அதன் தலையில் ஓர் இரும்புக் குமிழ் உண்டு. அதை விளக்குச் சுடரில் பல நிமிஷம் காய்ச்ச வேண்டும். நன்றாகக் காய்ந்த பிறகு சக்கரத்தைச் சுற்றிவிட்டால், உள்ளே போகும் எண்ணெய் அந்தச் சூட்டிலேயே பற்றிக்கொள்ளும். அடுப்பு மூட்டத் தெரிந்தவனுக்கு இந்த எஞ்சினை மூட்டுவதும் கைவந்துவிடும்.

அமெரிக்காவில் பெட்ரோல் எஞ்சின்கள் முன்னுக்கு வந்தன. 1892இல் அயோவா மாகாணத்தில் ஜான் ப்ரோலிக் பெட்ரோலில் ஓடும் வண்டி ஒன்றைச் செய்து கதிரடிக்க எடுத்துப் போனார். டிராக்டரின் வம்சம் அங்கிருந்து தொடங்குகிறது. ஆனால் டிராக்டர் ஊர் ஊராகப் பரவ இன்னும் கால் நூற்றாண்டு பிடித்தது. ஹென்றி போர்டின் மலிவு டிராக்டர் 1917இல்தான் வந்தது. அந்த இடைக்காலத்தில் பண்ணைக்குள் நுழைந்தது நகராத சிறு எஞ்சின்தான்.

அந்த எஞ்சினின் சத்தத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். கதை எழுதுகிறவனுக்கு அதில் வேலை இருக்கிறது. அந்நாளைய அமெரிக்கப் பண்ணை எஞ்சின்களில் பலவும் இடைவிடாமல் வெடிப்பவை அல்ல. இரண்டு கனத்த சக்கரங்கள் சுழலும். வேகம் கூடினால் ஒரு கொக்கி விழுந்து, புகை போகும் வாயைத் திறந்தபடியே பிடித்துக்கொள்ளும். எஞ்சின் வெடிக்காமல் சக்கரத்தின் வேகத்திலேயே மூச்சு வாங்கிக்கொண்டு ஓடும். வேகம் தளர்ந்ததும் கொக்கி விலகும். மறுபடி ஒரு வெடி. 'டொப்' என்று ஓர் அடி, பிறகு நாலைந்து பெருமூச்சு, மறுபடி 'டொப்'. பாரம் ஏறினால் பெருமூச்சுகள் குறைந்து வெடிகள் நெருங்கும். தூரத்து வயலில் நிற்கிற சம்சாரிக்கு, கொட்டகையில் மாவரைக்கும் கல்லில் தானியம் இருக்கிறதா, தீர்ந்துவிட்டதா என்பது காதிலேயே தெரியும். மனைவி வீட்டுக்குள்ளிருந்து அதைக் கேட்பாள். பக்கத்துப் பண்ணைக்காரனும் கேட்பான். ஒரு குடும்பத்தின் நாள் வேலை முழுவதையும் அக்கம்பக்கத்துக்குச் சத்தத்தாலேயே சொல்லிவிடும் சாமான் அது. இதைவிட நல்ல உபகரணம் நாவலாசிரியனுக்கு யார் செய்து கொடுக்கப்போகிறார்கள்?

இனி நாவல்களுக்கு வருவோம்.

தாமஸ் ஹார்டியின் டெஸ் நாவல் 1891இல் வெளிவந்தது. அதில் வருவது நீராவியால் ஓடும் கதிரடி யந்திரம். நம் சின்ன எஞ்சினுக்குப் பாட்டன் முறை. ஆனாலும் பிறகு வந்தவர்கள் யந்திரத்தைப் பார்த்த பார்வைக்கு அந்த அத்தியாயங்கள்தான் அடிப்படை. பிளிண்ட்கோம் ஆஷ் என்ற வறண்ட பண்ணையில், விடியாத வேளையில், பெண்கள் வேலைக்கு வந்து நிற்கிறார்கள். டெஸ் யந்திரத்தின் மேல்தட்டில் ஏறி நின்று, கதிர்க்கட்டுகளின் முடிச்சை அவிழ்த்து, உள்ளே தள்ளுகிறவன் கையில் கொடுக்க வேண்டும். மற்றப் பெண்கள் நடுவில் ஒரு வாய் தண்ணீர் குடிக்கலாம், இரண்டு வார்த்தை பேசலாம். டெஸ்ஸுக்கு அது இல்லை. யந்திரம் நிற்கவில்லை, ஆகையால் தள்ளுகிறவன் நிற்க முடியாது. அவன் நிற்காததனால் அவளும் நிற்க முடியாது. உடம்பெல்லாம் அதிர்ந்து அதிர்ந்து அவள் தன் வசமிழந்து போகிறாள்.

யந்திரத்தைத் திட்டி ஹார்டி பக்கம் பக்கமாக எழுதவில்லை. அவர் பார்த்தது வேகத்தை. மரத்தரையில் கோல் கொண்டு கதிரடித்த காலத்தில் கை ஓய்ந்தால் வேலையும் ஓயும். இப்போது வேலையின் வேகம் கையில் இல்லை. இந்த ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொண்டு, ஒரு பெண்ணின் முதுகிலும் முழங்காலிலும் அதைக் காட்டிவிட்டார். யந்திரத்தோடு வருகிற ஓட்டுகிறவனையும் கவனிக்க வேண்டும். வடக்குப் பேச்சுப் பேசுகிற, கரி படிந்த அந்த மனிதன் பண்ணை பண்ணையாகப் போகிறவன். எந்தப் பண்ணையையும் சேர்ந்தவனல்ல. சுற்றிலும் நடப்பதை அவன் ஏறிட்டும் பார்ப்பதில்லை. நெருப்பும் நீராவியும் மட்டுமே அவன் கவலை. யந்திரம் ஊருக்கு அந்நியம் என்பதை இந்த ஒரு பாத்திரத்தாலேயே ஹார்டி சொல்லி முடித்துவிட்டார்.

அவர் பார்த்தது சரி. ஆனால் அவர் பார்த்த யந்திரம் அப்படிப்பட்டது: வாடகைக்கு வந்தது, ஒருநாள் இருந்தது, போய்விட்டது. அதற்குப் பின் வந்த சின்ன எஞ்சின் அந்நியன் அல்ல. அதை ஓட்ட வடக்கிலிருந்து ஆள் வரவில்லை. வீட்டு எஜமானே கைப்பிடியைச் சுற்றினான். பின்னடித்து அவன் மணிக்கட்டு ஒடிந்தால் அது அவன் மணிக்கட்டு. ஹார்டியின் கண்ணாடியை வாங்கி மாட்டிக்கொண்டு இதைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. பிறகு வந்தவர்களில் பலர் அந்தக் கண்ணாடியைக் கழற்றவே இல்லை என்பது என் அபிப்பிராயம்.

ஸ்டீன்பெக்கின் பெயர் பெற்ற நாவலான 'கோபத்தின் கனிகள்' 1939இல் வெளிவந்தது. ஓக்லஹோமாவில் குத்தகைக் குடிகளை நிலத்தைவிட்டு வெளியேற்றிவிட்டு டிராக்டர் வருகிறது. வெறும் கற்பனை அல்ல இது. 1933இல் வந்த விவசாயச் சட்டப்படி, பயிரிடும் பரப்பைக் குறைத்ததற்காக அரசாங்கம் கொடுத்த பணம் பெரும்பாலும் நிலச் சொந்தக்காரர் கைக்குப் போயிற்று. அதைக் கொண்டு டிராக்டர் வாங்கிக் குடிகளை அனுப்பிவிட்டவர்கள் உண்டு. நாவலில் டிராக்டரை ஓட்டி வருகிறவன் கண்ணாடியும் முகமூடியும் அணிந்திருக்கிறான். முகமூடியைக் கழற்றினால் உள்ளே இருப்பவன் அதே ஊர்ப் பையன். நாளைக்கு மூன்று டாலர் கூலிக்காக ஓட்டுகிறான். அவனுக்கும் பெண்டாட்டி பிள்ளைகள் இருக்கிறார்கள். குடியிருப்பவன் துப்பாக்கியை எடுக்கிறேன் என்கிறான். யாரைச் சுடுவது என்பதுதான் கேள்வி. இவனை அனுப்பியது பாங்கி. பாங்கிக்கு உத்தரவு எங்கோ கிழக்கேயிருந்து வருகிறது. சுடுவதற்கு ஆளே அகப்படவில்லை. இந்த இடம் அபாரமானது. யந்திரத்தில் அசுரத்தனம் எதுவும் இல்லை, அதன் பின்னால் முகமில்லாத சொத்துரிமை இருக்கிறது என்பதை ஆசிரியர் கண்டுவிட்டார்.

ஆனால் அதே நாவலில், தனிப்பட எழுதிய வேறோர் அத்தியாயத்தில், டிராக்டர் செத்த இரும்பு, குதிரைதான் உயிருள்ளது என்று உருகத் தொடங்கிவிடுகிறார். லாயத்தில் குதிரையின் மூச்சும் கதகதப்பும் இரவெல்லாம் இருக்கும். டிராக்டர் கொட்டகையில் எஞ்சின் ஆறியதும் பிணத்தின் குளிர்ச்சி என்கிறார். படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இதை நம்பினால், அதே நாவலின் மிக நல்ல பகுதிகளில் ஒன்றை நம்ப முடியாமல் போகும். அந்தப் பகுதியைச் சொல்கிறேன்.

ஜோட் குடும்பம் ஒரு பழைய ஹட்ஸன் காரை வாங்கி, பின்பக்கத்தை வெட்டி லாரியாக்கிக்கொண்டு கலிபோர்னியாவுக்குப் புறப்படுகிறது. அதைத் தேர்ந்தெடுத்தவன் பதினாறு வயது ஆல். வண்டி வழியில் நின்றுபோனால் பழி அவன் தலையில். அவன் வண்டி ஓட்டுகிற விதத்தைப் படித்துப் பாருங்கள்: கியர்க் கம்பியின்மேல் வைத்த கையால், பலகையில் பதிந்த காலால், முழு உடம்பாலும் எஞ்சினைக் கேட்டுக்கொண்டே போகிறான். வழியில் சிநேகமான ஒரு குடும்பத்தின் காரில் எஞ்சினுக்குள் ஒரு பாகம் தேய்ந்துபோகிறது. ஆலும் அண்ணன் டாமும் பழைய சாமான் கடைக்குப் போய்ப் பேரம் பேசி ஒரு பாகத்தை வாங்கி வந்து, மண்ணில் மல்லாந்து படுத்துக் கழற்றி மாட்டுகிறார்கள். இந்த இடத்தில் செத்த இரும்பு எங்கே போயிற்று? இங்கே எஞ்சினுக்கு உடம்பு சரியில்லாமல் போகிறது, வைத்தியம் நடக்கிறது, பிழைத்தெழுகிறது. ஒரே ஆசிரியர், ஒரே நாவல், ஒரே ஜாதி யந்திரம். வித்தியாசம் ஒன்றுதான். டிராக்டர் பிறத்தியாருடையது, ஹட்ஸன் இவர்களுடையது. ஸ்டீன்பெக்கின் தத்துவத்தைவிட அவருடைய கதை புத்திசாலி. நல்ல நாவலாசிரியர்கள் விஷயத்தில் இது அடிக்கடி நடக்கும்.

ஆக, யாருடைய வேகம் என்று ஹார்டி கேட்டார். யாருடைய சொத்து என்று ஸ்டீன்பெக் கேட்டார். மூன்றாவதாக ஒரு கேள்வி இருக்கிறது. அதைக் கேட்டவர் ஒரு பெண்மணி என்பது தற்செயல் அல்ல.

வில்லா காதர் எழுதி 1922இல் வெளிவந்த 'நம்மில் ஒருவன்' என்ற நாவல் புலிட்ஸர் பரிசு பெற்றது. அதை யுத்த நாவல் என்று வகைப்படுத்திவிட்டு, பின்பாதியைப் பற்றியே விமர்சகர்கள் சண்டை போட்டார்கள். எனக்கு முன்பாதிதான் முக்கியம். நெப்ராஸ்காவில் வசதியான ஒரு பண்ணை வீடு. கதாநாயகன் கிளாடின் தம்பி ரால்ப் யந்திரப் பித்தன். விளம்பரத்தில் எதைப் பார்த்தாலும் வாங்கிவிடுவான். அவற்றில் பலவும் கொஞ்ச நாளில் நிலவறைக்குப் போய்ச் சேரும். அங்கே ஓட்டை உடைசலான யந்திரங்கள் குவிந்து கிடக்கின்றன. பாலிலிருந்து ஆடையைப் பிரிக்கும் யந்திரம் ஒன்று அவன் வாங்கி வந்தவற்றில் சேர்த்தி. அதைத் தினமும் துண்டு துண்டாகக் கழற்றி, ஒவ்வொன்றையும் வெந்நீரில் கழுவித் துடைத்து, மறுபடி பூட்ட வேண்டும். கழுவுகிறவர்கள் வீட்டுத் தாயாரும், மஹெய்லி என்ற கிழட்டு வேலைக்காரியும். அவர்களுக்குப் பழைய அகலத் தட்டுகளே சுலபமாக இருந்தன. ரால்ப் முன்னேற்றத்தைப் பற்றி விளக்குகிறான். பெண்கள் பேசாமல் கேட்டுக்கொள்கிறார்கள்.

இந்தச் சிறு காட்சியில் அசுரனும் இல்லை, கண்ணீரும் இல்லை. ஆனால் யந்திரத்தைப் பற்றிக் கேட்க வேண்டிய கேள்வி முழுவதும் இதில் இருக்கிறது. வாங்குவது யார்? கழுவுவது யார்? யாருடைய சுமை குறைந்தது?

இது காதரின் தனிப்பட்ட மனக்குறை என்று யாரும் நினைக்க வேண்டாம். 1913இல் அமெரிக்க விவசாய இலாகா மந்திரி ஹூஸ்டன், பண்ணைக் குடும்பப் பெண்கள் 55,000 பேருக்குக் கடிதம் அனுப்பி, இலாகா அவர்களுக்கு என்ன செய்யவேண்டும் என்று கேட்டார். இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட பதில்கள் வந்தன. 1915இல் அவற்றிலிருந்து பகுதிகளை அறிக்கைகளாக வெளியிட்டார்கள். வயலுக்கும் கொட்டகைக்கும் யந்திரம் வாங்கப் பணம் இருக்கிறது, சமையலறைக்குத் தண்ணீர் கொண்டுவர மட்டும் பணம் இல்லை என்பது அவற்றில் ஒலித்த முறையீடுகளில் ஒன்று. 1920இல் வெளியான இன்னொரு விசாரணையில், வடக்கு, மேற்கு மாகாணங்களில் சுமார் 10,000 பண்ணைப் பெண்களை விசாரித்தார்கள். அவர்களில் பாதிக்கு மேற்பட்டவர்கள் தண்ணீரைக் கையால் சுமந்துகொண்டிருந்தார்கள்.

கொட்டகையில் எஞ்சின் நிற்கிறது. அது மாட்டுத் தொட்டிக்குத் தண்ணீர் இறைக்கிறது. அங்கிருந்து வீட்டுக்கு ஒரு குழாய் போட்டால் போதும். குழாய் இல்லை. அவள் வாளியை எடுத்துக்கொண்டு நடக்கிறாள். நடக்கும்போது காதில் அந்த 'டொப்' சத்தமும் பெருமூச்சும் விழுந்துகொண்டே இருக்கின்றன. இதைவிடப் பெரிய நாவல் எங்கே இருக்கிறது?

இதற்கு மறுபக்கமும் உண்டு. மேட்டாக் கம்பெனியார் 1910களில், துணி வெளுக்கும் யந்திரத்துக்கென்றே சின்ன பெட்ரோல் எஞ்சின் ஒன்றைக் கொண்டுவந்தார்கள். மின்சாரம் இல்லாத வீட்டுப் பெண்களுக்கு அது கிடைத்தது. 1908இல் வந்த போர்டு மாடல் டி காரை வாங்கிய குடியானவர்கள், பின்சக்கரத்தைத் தூக்கி நிறுத்திப் பெல்ட்டைப் போட்டு அதைக் கொண்டே விறகு அறுத்தார்கள், மாவரைத்தார்கள். துணி வெளுக்கவும் அதையே பூட்டியவர்கள் உண்டு. 1930களின் நடுவில்கூட அமெரிக்கப் பண்ணைகளில் பத்தில் ஒன்றுக்குத்தான் மின்சாரம் இருந்தது. 1935இல் அதற்கென்று ஓர் அரசாங்க நிர்வாகம் ஏற்படுத்திய பிறகே கம்பிகள் வேகமாகப் போயின. அதுவரை ஒரு தலைமுறைக்கு மேல் இந்தச் சின்ன எஞ்சின்தான் வீட்டுக்குள் வந்த ஒரே சக்தி. அது ஒரு குடும்பத்தில் திங்கட்கிழமை வெளுப்பை அரைநாள் வேலையாக்கிற்று. இன்னொரு குடும்பத்தில் பெண்ணின் கைக்கே எட்டாமல் கொட்டகையில் நின்றது. எந்தக் குடும்பத்தில் எது நடந்தது, ஏன் நடந்தது என்பதைக் கம்பெனி விளம்பரம் சொல்லாது. விவசாய இலாகா அறிக்கையும் சொல்லாது. புருஷன் பெண்டாட்டி இருவருக்குள்ளும் நடந்த பேச்சில் இருக்கிறது அது. அங்கே போகக்கூடியவன் நாவலாசிரியன் ஒருவன்தான்.

ஏன் போகவில்லை? காரணம் நமக்கும் பொருந்துமாகையால் சொல்கிறேன். பெரிய யந்திரம் தானாகவே கதையாகிவிடுகிறது. அதற்கு வருகை இருக்கிறது, எதிர்ப்பு இருக்கிறது, நாசம் இருக்கிறது. மூன்று அங்கமும் தயார். சின்ன யந்திரம் பழக்கமாகிவிடுகிறது. பழக்கமாகிவிட்டதைக் கதையாக்க, எழுதுகிறவனுக்குப் பொறுமை வேண்டும். அந்தச் சாமானை எப்படி ஓட்டுவது, எங்கே எண்ணெய் விடுவது, எப்போது சண்டித்தனம் பண்ணும் என்று கிட்ட நின்று தெரிந்துகொண்டிருக்கவும் வேண்டும். யந்திர நாகரிகத்தைப் பற்றி ஆவேசமாக எழுத, யந்திரத்தைத் தொட்டுப் பார்த்திருக்க வேண்டிய அவசியமே இல்லை!

இனி நம் ஊருக்கு வருவோம். சென்னை மாகாணத்தில் இந்த நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டின் முதல் பத்தாண்டிலேயே, ஆல்பிரட் சாட்டர்டன் என்ற என்ஜினீயர் கிணற்றுப் பாசனத்துக்கு எண்ணெய் எஞ்சினையும் பம்பையும் வைத்துப் பரீட்சை செய்தார். இறவைப் பாசனத்தைப் பற்றி 1907இல் புத்தகமும் வெளியிட்டார். 1932இல் பைக்காரா மின்சாரம் வந்து, கோயம்புத்தூர்ப் பக்கத்தில் கம்பி எட்டிய கிணறுகளுக்கு மோட்டார் வந்தது. கம்பி எட்டாத கிணறுகளில் அதற்குப் பிறகும் வெகுகாலம் ஆயில் எஞ்சின்தான். 1946இல் பூனாவில் கிர்லோஸ்கர் எண்ணெய் எஞ்சின் கம்பெனி ஏற்பட்டது. அந்தப் பெயர் பொறித்த எஞ்சின் நம் கிணற்று மேடுகளிலும் நின்றது. அதற்கு ஊற்றுகிற எண்ணெய்க்குக் 'குருடாயில்' என்று நம் ஜனங்கள் பெயர் வைத்துக்கொண்டார்கள். இங்கிலீஷ் வார்த்தையைத் தங்கள் நாக்குக்கு வளைத்து, கண்ணில்லாத எண்ணெய் ஆக்கிவிட்டார்கள். ஒரு சாமானுக்கு ஜனங்கள் இவ்வளவு உரிமையோடு பெயர் வைத்துவிட்டால், அது ஊர்ச் சாமானாகிவிட்டது என்று அர்த்தம்.

ஆனால் நம் கதைகளில் கமலைக்குக் கிடைத்த இடத்தில் கால்வாசிகூட ஆயில் எஞ்சினுக்குக் கிடைக்கவில்லை. கமலையில் மாடு இருக்கிறது, பாட்டு இருக்கிறது, விடிவெள்ளி இருக்கிறது. எஞ்சினில் புகையும் எண்ணெய்ப் பிசுக்கும் இருக்கின்றன. ஆகையால் கமலை போயிற்றே என்று பெருமூச்சு விட்டு எழுதுகிறோம். அந்தப் பெருமூச்சு யாருடையது? வடத்தின்மேல் உட்கார்ந்து நாளெல்லாம் மாட்டை முன்னும் பின்னும் ஓட்டிய பண்ணையாள் பெருமூச்சு விட்டானா? விட்டிருந்தால் அது எந்தப் பெருமூச்சு? தண்ணீர் மொள்ளும் தோல் சாலைத் தைத்துக் கொடுத்து, அதற்காகக் களத்தில் தானியம் வாங்கிக்கொண்டிருந்த தோல் தொழிலாளி இருந்தான். பம்பு வந்த பிறகு சாலுக்கு வேலை இல்லை; அவனுக்குக் களத்தில் உரிமையும் இல்லை. அவனுடைய கதை வேறு. பண்ணையாளுக்கு விடுதலை வந்த அதே நாளில் அவனுக்குப் பட்டினி வந்தது. இரண்டும் ஒரே எஞ்சின் செய்த வேலை.

நெல் குத்தும் விஷயமும் அப்படித்தான். எண்ணெய் எஞ்சின் வைத்த ரைஸ் மில் ஊருக்கு வந்ததும், தன் வீட்டு நெல்லைத் தானே குத்தித் தீர வேண்டியிருந்த பெண்ணின் தோளுக்கு ஓய்வு கிடைத்தது. கூலிக்கு நெல் குத்திப் பிழைத்த விதவைக்கு அரிசியும் நொய்யும் தவிடும் போயின. 1934இல் காந்தியடிகள் கிராமக் கைத்தொழில் சங்கத்தை ஏற்படுத்தி, கைக்குத்தல் அரிசிக்காக வாதாடியபோது ஆரோக்கியத்தோடு இந்தக் கூலியையும் நினைத்தார். அவர் சொன்னது நியாயம். உலக்கையைக் கீழே வைத்த பெண் விட்ட நிம்மதி மூச்சும் நியாயம். இரண்டு நியாயங்கள் ஒரே தெருவில், எதிர் எதிர்த் திண்ணைகளில் உட்கார்ந்திருக்கின்றன. நாவலுக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்?

நம்மிடம் உதாரணம் இல்லாமலும் இல்லை. சா. கந்தசாமியின் 'சாயாவனம்' 1969இல் வெளிவந்தது. வெளிநாட்டிலிருந்து பணத்தோடு திரும்பிய ஒருவன், சர்க்கரை ஆலை வைப்பதற்காக ஒரு வனத்தை வெட்டியும் எரித்தும் அழிக்கிறான். ஆசிரியர் அவனைத் திட்டவில்லை, புகழவும் இல்லை. வெட்டுகிற வேலையை ஒவ்வொரு கொடியாக, ஒவ்வொரு மரமாகச் சொல்லிக்கொண்டே போகிறார். அந்த வேலை அவருக்குத் தெரிந்திருக்கிறது. எல்லாம் முடிந்தபின் கணக்குக் கேட்கிறவள் ஒரு கிழவி. அவள் கேட்பது புளியைப் பற்றி. அழிந்த மரங்களின் புளிக்கு ஈடான புளி இனி ஊரில் இல்லை. சமையலறையிலிருந்து வருகிற அந்தக் கணக்கு, ஒரு புத்தகம் நிறையச் செய்யும் யந்திர கண்டனத்தைவிடக் கனமானது. காதரின் பண்ணை வீட்டுத் தாயாரும் இந்தக் கிழவியும் ஒருவரை ஒருவர் சந்தித்தால் நன்றாகப் பேசிக்கொள்வார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது.

கிராமத்தைப் பற்றி எழுத உட்காருகிறவர்களுக்கு நான் சொல்லக்கூடியது இதுதான். எஞ்சின் நல்லதா கெட்டதா என்ற கேள்வியைப் பட்டிமன்றத்துக்கு விட்டுவிடுங்கள். எஞ்சினின் வேகத்துக்கு யார் ஓடவேண்டியிருந்தது, கைப்பிடி யாருடைய கையில் இருந்தது, எந்தத் தோளிலிருந்து சுமை இறங்கி எந்தத் தோளில் ஏறிற்று என்று கேளுங்கள். பதில் வீட்டுக்கு வீடு மாறும். மாறுவதனால்தான் அது கதை.

அந்த எஞ்சின்களை ஓட்டியவர்களில் இன்னும் சிலர் நம் ஊர்களில் இருக்கிறார்கள். விடியற்காலத்துக் குளிரில் எஞ்சின் எடுக்காமல் அடம் பிடித்ததையும், பெல்ட் அறுந்து பறந்ததையும், நடுராத்திரியில் சத்தம் நின்றதும் தூக்கம் கலைந்து ஓடியதையும் அவர்கள் சொல்வார்கள். அவர்களுடைய மனைவிமார்கள் வேறு விதமாகச் சொல்வார்கள். இருவரிடமும் தனித்தனியாகக் கேட்டுக்கொள்வது நல்லது.